தீவாந்தரத்தில் தோன்றிய ஊர்கள்

"தீவாந்தர சிட்சை" என்னும் சொல்லை நம் பாட்டனார் காலத்தில் கேட்டறியாதவர் இலர். நீதிமன்றத்தில் அச்சொல் ஒலித்த அன்றே கைதியின் உற்றார் அவனை இறந்தவனாகக் கருதி அழுது தீர்ப்பது உண்டு. கடல் கடந்து சென்றவன் திரும்புவதில்லை என்பது ஊரார் நம்பிக்கை. வடநாட்டார் அத்தண்டனையைக் 'காலாபாணி' என்று அழைத்தனர். கறுப்பு நீர் என்பது அச்சொல்லின் பொருள். அழுத கண்ணீர் உலர்ந்த பின்னர் ஊர் அவனை மறந்தது. ஆனால், கப்பலேறிச் சென்றவன் ஒரே நாளில் மறைந்துபோய்விடவில்லை. எங்கோ ஓரிடத்தில் அவன் மரம் வெட்டினான், மண் சுமந்தான், சிலகாலம் சென்றபின் குடிசை போட்டான், பிள்ளை பெற்றான். அந்தப் பிள்ளைகளின் பிள்ளைகள் இன்றும் வாழ்கின்றனர். அவர்கள் வாழும் ஊர்களின் கதையே நாம் இங்கு எடுத்துக்கொண்ட பொருள்.

அந்தமான் என்றவுடன் நம் நினைவிற்கு வருவது அங்குள்ள பெருஞ்சிறை. விடுதலைப் போரில் ஈடுபட்ட வீரர்கள் செக்கிழுத்து வருந்திய இடம் அது. அதனை நாடு போற்றுவது முறையே. எனினும் அச்சிறையின் மதிலுக்கு வெளியே மற்றொரு வரலாறு உண்டு. புகழ் பெறாத கைதிகளும், கூலிகளும், அகதிகளும், மீனவரும், யானைப் பாகரும் சேர்ந்து உண்டாக்கிய வரலாறு அது. சொந்த மாநிலத்தை விட்டு வேற்று மாநிலங்களில் வேர்விட்டு வாழும் தமிழர்க்கு அது அயலார் கதையாகத் தோன்றாது என்று நாம் நம்புகிறோம்.

இத்தீவுகளைத் தமிழர் பழங்காலத்திலேயே அறிந்திருந்தனர். முதலாம் இராசேந்திர சோழன் 1025-ஆம் ஆண்டளவில் கடாரத்தின்மேல் கடற்படை செலுத்திய செய்தியைக் கூறும் அவன் மெய்க்கீர்த்தி, அவன் வென்ற இடங்களுள் ஒன்றாக மாநக்கவாரத்தைக் குறிக்கிறது. இன்று நிக்கோபார் என வழங்கும் தீவுக்கூட்டமே அது என்பது அறிஞர் கொள்கை. ஆனால் சோழர் கப்பல்கள் அவ்வழியே செல்லுமுன்பே, எண்ணற்ற தலைமுறைகளாக அங்கே மக்கள் வாழ்ந்துவந்தனர். அந்தமானில் பெரிய அந்தமானியர், ஓங்கே, ஜாரவர், சென்டினலியர் ஆகியோரும், நிக்கோபாரில் நிக்கோபாரியரும் சோம்பென் மக்களும் அந்நிலத்திற்கு உரியவர்கள். தீவுகளின் வரலாற்றை எவர் எழுதினாலும் முதற்பக்கம் அவர்களுடையதே. பின்னர் வந்த அனைவரும், துன்பத்தோடு வந்தவர்களாயினும், அவர்கள் நிலத்தில் வந்து தங்கியவர்களே.

ஆங்கிலேயக் கும்பெனியார் முதன்முதலில் 1789-ஆம் ஆண்டில் ஆர்ச்சிபால்டு பிளேர் என்னும் கடற்படை அதிகாரியின் தலைமையில் அங்கே ஒரு குடியேற்றத்தை அமைத்தனர். சில ஆண்டுகளில் அதனை வடபகுதிக்கு மாற்றினர். நோய் தாங்காமல் 1796-இல் அதனைக் கைவிட்டனர். ஏறத்தாழ அறுபது ஆண்டுகள் கழித்து, 1857-ஆம் ஆண்டுப் பெருங்கிளர்ச்சி அடக்கப்பட்ட பின்னர், பிடிபட்டவர்களை அடைத்து வைக்க ஓர் இடம் வேண்டியிருந்தது. அவ்வாறு 1858-ஆம் ஆண்டு மார்ச்சு 10-ஆம் நாள், ஜேம்ஸ் பாட்டிசன் வாக்கர் என்னும் மருத்துவர் 200 கைதிகளுடன் 'செமிராமிஸ்' என்ற கப்பலில் வந்து இறங்கினார். அந்த இடத்திற்குப் போர்ட் பிளேர் என்னும் பெயர் நிலைத்தது. 2024-ஆம் ஆண்டில் அரசினர் அதற்கு ஸ்ரீ விஜயபுரம் எனப் பெயர் சூட்டியுள்ளனர். பழைய செய்திகளைச் சொல்லுமிடத்துப் பழைய பெயரையே நாம் வழங்குவோம்.

அன்று தீவில் சிறைக்கட்டடம் இல்லை. காடும் கடலுமே சிறை. கைதிகள் தங்கள் கையாலேயே காட்டை வெட்டித் தமக்குரிய சிறையைக் கட்ட வேண்டியிருந்தது. முதலில் சாத்தாம், ராஸ் ஆகிய தீவுகளைத் திருத்தினர். மழையிலும் சேற்றிலும் காய்ச்சலிலும் பலர் மடிந்தனர். தப்பியோடியவர் பலர் தூக்கிலிடப்பட்டனர். தம் காடு அழிவதைக் கண்ட அந்தமானியர் வாளா இருக்கவில்லை. 1859-ஆம் ஆண்டு மே மாதத்தில் அபர்டீன் என்னுமிடத்தில் திரண்டு வந்து போரிட்டனர். வில்லும் அம்பும் துப்பாக்கியை வெல்ல இயலவில்லை. அதன்பின் வந்த அழிவு போரினும் கொடியது. 'அந்தமான் இல்லம்' எனப் பெயரிட்டு அவர்களை அழைத்து வைத்த இடங்களில் நோய் பரவிற்று. 1877-இல் மணல்வாரி அம்மை அவர்களைக் கூட்டங் கூட்டமாக வாரிக்கொண்டு சென்றது. சில ஆயிரம் பேராக இருந்த பெரிய அந்தமானியர், 1961-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் 19 பேராகக் குறைந்திருந்தனர். இன்று ஐம்பது பேரளவில் உள்ளனர். அவர்களுடைய மொழிகளுள் ஒன்றாகிய 'போ' மொழியை இறுதியாகப் பேசிய போவா சீனியர் என்னும் மூதாட்டி 2010-ஆம் ஆண்டில் மறைந்தார். ஒரு மக்கட்கூட்டத்தின் நினைவு எவ்வாறு அற்றுப்போகும் என்பதற்கு இதனினும் கடிய சான்று வேண்டுவதில்லை.

இனி, சிறை எவ்வாறு ஊராக மாறிற்று என்பதைக் காண்போம். தண்டனை பெற்றவன் எந்நாளும் விலங்கோடு இருக்கவில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் வழங்கிய முறை படிப்படியாக அமைந்தது. முதலில் சில மாதங்கள் தனியறை, பின்னர்ச் சிறைக்குள் மற்றவருடன் வேலை, அடுத்துச் சில ஆண்டுகள் கூலியின்றிக் கூட்டு உழைப்பு, அதன்பின் சிறு படியுடன் வேலை. இவ்வாறு பத்து ஆண்டுகள் குற்றமின்றிக் கழித்தவனுக்கு ஓர் அனுமதிச் சீட்டு கிடைக்கும். அச்சீட்டைப் பெற்றவன் நிலம் உழலாம், மாடு வளர்க்கலாம், கடை வைக்கலாம், ஊரிலிருந்து மனைவியை வரவழைக்கலாம், அல்லது தீவிலேயே பெண் கைதி ஒருத்தியை அரசினர் இசைவுடன் மணந்துகொள்ளலாம். தீவை விட்டு வெளியேற மட்டும் உரிமையில்லை. இத்தகையோர் தாமே உழைத்துத் தம்மைக் காப்பாற்றிக்கொள்வோர் எனப்பட்டனர். 1901-ஆம் ஆண்டளவில் அக்குடியிருப்பில் ஏறத்தாழ 12,000 கைதிகள் இருந்தனர்.

இத்திருமணங்களின் விளைவு பெரிது. தாய்நாட்டில் ஒருவர் வீட்டில் ஒருவர் நீர் அருந்தாத சாதியினர் அங்கே ஒரு பந்தியில் அமர்ந்தனர். பஞ்சாபி ஒருவனும் வங்காளத்துப் பெண்ணொருத்தியும், சென்னை மாகாணத்தான் ஒருவனும் ஐக்கிய மாகாணத்தாள் ஒருத்தியும் குடும்பம் நடத்தினர். பிறந்த குழந்தைக்குத் தந்தையின் ஊரும் தெரியாது, தாயின் மொழியும் முழுமையாக வாராது. எல்லார்க்கும் பொதுவாக ஒருவகை இந்துஸ்தானி உருவாயிற்று. அதுவே தீவின் தாய்மொழியாயிற்று. இம்மக்களை அரசினர் ஏடுகள் 'லோக்கல் பார்ன்' என்று குறித்தன. தீவிலேயே பிறந்தோர் என்பது பொருள். அப்பெயரையே அவர்கள் தம் குலப்பெயராக ஏற்றுக்கொண்டனர். சீர்திருத்தக்காரர் மேடைகளில் பேசிய சாதிக் கலப்பு, அங்கே எவருடைய சொற்பொழிவுமின்றி வாழ்க்கை நெருக்கடியால் நிகழ்ந்தது. இதனை மிகைப்படுத்திப் பொற்காலமாக்க வேண்டுவதில்லை. பெண் கைதியின் விருப்பத்திற்கு அங்கே எவ்வளவு இடமிருந்திருக்கும் என்பதை நாம் எண்ணிப் பார்த்தல் வேண்டும். சிறையில் மேலும் பல ஆண்டுகள், இல்லையேல் முன்பின் அறியாத ஆடவனோடு மணம் என்னும் இரண்டில் ஒன்றைத் தேர்ந்தவர்கள் அத்தாய்மார்.

தீவின் சொற்களும் ஊர்ப்பெயர்களும் அக்கலப்பைக் காட்டும் கண்ணாடிகள். கைதிகளுக்குள்ளேயே மேற்பார்வை வேலை பெற்றவர்களை ஜமேதார் என்றும் 'டிண்டல்' என்றும் அழைத்தனர். படகோட்டிகளின் தலைவனை நம் கடற்கரையார் 'தண்டல்' என்று வழங்குவதை நினைக்குங்கால் இச்சொல் நமக்குப் புதிதன்று என்பது விளங்கும். ஊர்ப்பெயர்களை நோக்கினால் அபர்டீன், பீனிக்ஸ் பே, பாம்பூ பிளாட் என ஆங்கிலப் பெயர்கள் ஒருபுறம் நிற்கும். பெரார்கஞ்சு, விம்பர்லிகஞ்சு என ஆங்கில அதிகாரியின் பெயரும் இந்துஸ்தானி ஈறும் கூடிய பெயர்கள் மற்றொருபுறம் நிற்கும். அதிகாரி பெயரை இட்டவன் மேலிடத்தான். அதனைத் தன் நாவிற்கேற்பத் திரித்து வழங்கியவன் உழைப்பாளி. இருவர் வரலாறும் ஒரே சொல்லில் அடங்கிக் கிடக்கின்றன.

இப்படிப் பிறந்த மக்களிடம் ஒரு மௌனம் நெடுங்காலம் குடிகொண்டிருந்தது. பாட்டன் என்ன குற்றத்திற்காக வந்தான் என்று பேரன் கேட்பதில்லை. கேட்டாலும் பாட்டி விடை கூறுவதில்லை. நாட்டுக்காகப் போராடிச் சிறை புகுந்தவன் வழிவந்தோர் அதனைப் பெருமையோடு சொல்லலாம். நிலத்தகராறில் ஒருவனைக் கொன்றவன் வழிவந்தோர் அவ்வாறு சொல்ல இயலுமோ? ஆதலின் எத்தனையோ குடும்பங்களில் முதல் தலைமுறையின் பெயரே மறைந்தது. கைதிகளைப் பற்றிய ஆவணங்களின் பெரும்பகுதியும் பின்னர் வந்த போர்க்காலத்தில் அழிந்தது. ஆக, வாய்மொழியும் அடங்கியது, ஏடும் அழிந்தது. எஞ்சியவை சில தெருப்பெயர்கள், சில சமையல் முறைகள், சில தாலாட்டுகள் ஆகியவையே.

கைதிகளோடு குடியேற்றம் முடிந்துவிடவில்லை. 1918-ஆம் ஆண்டு முதல் சோட்டா நாகபுரியிலிருந்து காடு வெட்டும் தொழிலாளர் ராஞ்சியிலிருந்த கத்தோலிக்கத் தொழிலாளர் அமைப்பின் வழியாகக் கொண்டுவரப்பட்டனர். அவர்களுள் உராவ்ன் உண்டு, முண்டா உண்டு, காரியா உண்டு. தீவிலோ எல்லாரும் 'ராஞ்சிகள்' என்னும் ஒரே பெயரால் அழைக்கப்பட்டனர். ஆள் சேர்த்து அனுப்பிய நகரின் பெயரே குலப்பெயராயிற்று. பம்பாயிலும் கல்கத்தாவிலும் நம்மவர் அனைவரும் 'மதராசி' என்னும் ஒரே பெயரால் அழைக்கப்பட்டதை அறிந்தவர்க்கு இது வியப்பளிக்காது.

1921-ஆம் ஆண்டு மலபாரில் நிகழ்ந்த கிளர்ச்சியை ஒட்டித் தண்டனை பெற்ற மாப்பிள்ளைமார் ஆயிரத்திற்கும் மேற்பட்டோர் அந்தமானுக்கு அனுப்பப்பட்டனர். அவர்களுள் பலர் மனைவி மக்களை வரவழைத்து அங்கேயே தங்கிவிட்டனர். தென் அந்தமானில் கள்ளிக்கோட்டை உண்டு, மஞ்சேரி உண்டு, திரூர் உண்டு, வண்டூர் உண்டு, மண்ணார்காடும் உண்டு. பிறந்த மண்ணை எடுத்துச் செல்ல இயலாதவர்கள் அதன் பெயரை எடுத்துச் சென்றனர்.

ஐக்கிய மாகாணத்திலிருந்து 'பாந்து' என்னும் மக்களை அதே பத்தாண்டில் கொணர்ந்தனர். இவர்கள் குற்றப்பரம்பரைச் சட்டத்தால் பிறவிக் குற்றவாளிகள் என முத்திரை குத்தப்பட்டவர்கள். அந்தச் சட்டம் நம் மதுரை மாவட்டத்துக் கள்ளர் சமூகத்தையும் வருத்தியது என்பதை நினைவுகூர்தல் தகும். 1925-ஆம் ஆண்டில் பர்மாவிலிருந்து கரேன் மக்கள் சில குடும்பத்தினர் வந்து நடு அந்தமானில் மாயாபந்தருக்கு அருகில் 'வேபி' என்னும் ஊரை அமைத்தனர். காட்டு வேலையிலும் கடல் வேலையிலும் அவர்கள் வல்லவர்கள். இவ்வாறு இரண்டாம் உலகப் போருக்கு முன்னரே அச்சிறு தீவுகளில் இந்தியாவின் எத்திசையையும் காணலாம் என்னும் நிலை உண்டாயிற்று.

இவற்றிற்கிடையே 1896-இல் தொடங்கி 1906-இல் முடிந்ததே பெருஞ்சிறை. நடுக் கோபுரத்திலிருந்து விரியும் ஏழு கைகளும், 690-க்கும் மேற்பட்ட தனியறைகளும் கொண்டது. அதனைக் கட்டியவர்களும் கைதிகளே. செங்கல் சுட்டவன், சுண்ணாம்பு அரைத்தவன், சுமந்தவன் பெயர்கள் எம்மதிலிலும் பொறிக்கப்படவில்லை. உள்ளே அடைபட்ட அரசியல் கைதிகள் 1933-லும் 1937-லும் உண்ணாநோன்பு இருந்தனர். நாடெங்கும் எழுந்த கிளர்ச்சியின் பயனாக 1938-ஆம் ஆண்டுக்குள் அவர்கள் தாய்நாட்டிற்கு மீட்கப்பட்டனர். அவர்கள் போனபின்னும் ஊரில் மக்கள் இருந்தனர். அடுத்த துன்பம் அவர்களுக்காகக் காத்திருந்தது.

1942-ஆம் ஆண்டு மார்ச்சு 23-ஆம் நாள் ஜப்பானியர் போர்ட் பிளேரில் இறங்கினர். ஆங்கில அதிகாரிகளுள் பலர் முன்னரே வெளியேறியிருந்தனர். வெளியேற வழியில்லாத எளிய மக்களே பெரும்பாலும் தீவில் எஞ்சினர். மூன்றரை ஆண்டுகள் கடல்வழி அடைபட்டது. அரிசியும் துணியும் மருந்தும் வாரா. ஒற்றர் என்ற ஐயத்தின்பேரில் நூற்றுக்கணக்கானோர் சிறையில் அடைக்கப்பட்டு வதைக்கப்பட்டனர். 1943-ஆம் ஆண்டு டிசம்பர் 29-ஆம் நாள் நேதாஜி சுபாஷ் சந்திர போஸ் தீவிற்கு வந்து, மறுநாள் இந்திய விடுதலைக் கொடியை ஏற்றினார். அந்நாளிலும் அச்சிறைக்குள் இந்தியர் பலர் ஜப்பானியர் கையில் வாடிக்கொண்டிருந்தனர் என்பது வரலாற்றின் கொடுமை. தீவின் மக்களால் பெரிதும் மதிக்கப்பட்ட மருத்துவரும் பஞ்சாபிக் கவிஞருமாகிய திவான் சிங், வதைகளால் 1944-ஆம் ஆண்டு சனவரி 14-ஆம் நாள் உயிர் நீத்தார். அதே மாதம் 30-ஆம் நாள் ஹம்பிரேகஞ்சில் 44 பேர் ஒரே குழியருகே சுட்டுக் கொல்லப்பட்டனர். போர் முடியும் தறுவாயில், 1945 ஆகஸ்டில், பயிர் செய்யலாம் என்று சொல்லி நூற்றுக்கணக்கானோரைக் கப்பலில் ஏற்றி, ஹேவ்லாக் தீவருகே கடலில் தள்ளினர். தப்பியவர் மிகச் சிலர்.

இத்துன்பத்தின் நடுவே அம்மக்களிடம் ஒன்று உறுதிப்பட்டது. கைதியின் பேரனும், மாப்பிள்ளையும், பாந்துவும், கரேனும் ஒரே கிழங்கைப் பகிர்ந்து தின்றனர், ஒரே குழியில் புதைந்தனர். 'நாற்பத்திரண்டுக்கு முன்' என்னும் தொடர் அங்கே தனிப்பொருள் பெற்றது. போருக்கு முன்பே வந்து, போரைத் தாங்கிக் கிடந்த குடும்பங்களைக் குறிக்கும் தொடர் அது. ஓர் ஆண்டின் எண்ணே ஒரு சமூகத்தின் பெயராவது உலகில் அரிது.

விடுதலைக்குப் பின்னர்க் குடியேற்றம் வேறு வடிவம் கொண்டது. நாடு பிரிந்தபோது கிழக்கு வங்காளத்திலிருந்து வீடிழந்து வந்த உழவர் குடும்பங்களை அரசினர் 1949-ஆம் ஆண்டு முதல் அந்தமானில் குடியேற்றினர். காட்டைத் திருத்தி நெல்விளையும் வயலாக்கியவர்கள் அவர்கள். நீல் தீவில் சீதாபூர், பரத்பூர், லட்சுமண்பூர், ராம்நகர் என ஊர்கள் அமைந்தன. வனவாசக் கதையில் வரும் பெயர்களே அகதிகளின் ஊர்களுக்கு அமைந்தமை நெஞ்சைத் தொடுவதாகும்.

அதே காலத்தில் தமிழரும் தெலுங்கரும் பெருந்தொகையாக வந்தனர். இவர்களை எவரும் குடியேற்றவில்லை. இவர்களுக்கு நிலப்பட்டா காத்திருக்கவில்லை. சென்னையிலிருந்தும் விசாகப்பட்டினத்திலிருந்தும் கப்பலேறி, கூலி தேடித் தாமே வந்தவர்கள் இவர்கள். துறைமுகத்தில் மூட்டை சுமந்தனர். பொதுப்பணித் துறையில் கல்லுடைத்தனர். படகு செலுத்தினர், மீன் பிடித்தனர், கொத்துவேலை செய்தனர், சிறு கடைகள் வைத்தனர். 1883-இல் ஏற்பட்டதும் ஆசியாவின் பழம்பெரும் மர ஆலைகளுள் ஒன்றுமாகிய சாத்தாம் மர அறுப்பு ஆலையில், படாக் மரத்தையும் குர்ஜன் மரத்தையும் அறுத்த கைகள் பல மொழிகள் பேசிய கைகள். ஜப்பானியப் போர்க்காலத்துக் குண்டு விழுந்த பள்ளம் ஒன்று அவ்வாலை வளாகத்தில் இன்றும் உள்ளது.

தீவுகளை வடக்கு தெற்காக இணைக்கும் நெடுஞ்சாலையைப் போட்டவர்களும் இத்தகைய தொழிலாளரே. ராஞ்சி மக்களும் தமிழரும் தெலுங்கரும் தோளோடு தோள் நின்று அச்சாலையை அமைத்தனர். அது ஜாரவரின் காட்டினூடே சென்றது. அம்பு பட்டு மாண்ட தொழிலாளர் உண்டு. தம் காட்டைக் காக்க எழுந்து மாண்ட ஜாரவரும் உண்டு. கூலிக்கு வந்த ஏழைக்கும் காட்டில் வாழ்ந்த ஏழைக்கும் இடையே பகை மூண்டது. சாலையைத் திட்டமிட்டவர் அவ்விருவருள் எவரும் அல்லர். 2002-ஆம் ஆண்டில் உச்சநீதிமன்றம், ஜாரவர் காப்புப் பகுதி வழியாகச் செல்லும் சாலைப் பகுதியை மூட வேண்டுமென ஆணையிட்டது. நம் தொழிலாளரின் வியர்வையைப் பெருமையோடு கூறும்போது, அவ்வியர்வை எவர் நிலத்தில் சிந்தியது என்பதையும் கூறுவதே நேர்மையான வரலாறு.

இன்னொரு தமிழ்க் குழுவினரையும் நாம் மறத்தல் ஆகாது. 1964-ஆம் ஆண்டு சிறிமாவோ – சாஸ்திரி உடன்படிக்கையின்படி இலங்கையிலிருந்து திரும்பிய மலையகத் தோட்டத் தொழிலாளருள் சில குடும்பத்தினர் நிக்கோபாரின் கச்சால் தீவில் ரப்பர்த் தோட்டத்தில் அமர்த்தப்பட்டனர். இவர்களுடைய முன்னோர் தமிழ்நாட்டிலிருந்து இலங்கைக்குச் சென்றவர்கள். அங்கே பல தலைமுறை உழைத்தபின், தாய்நாடு என்னும் பெயரால் இவர்கள் கண்டது மீண்டும் ஒரு தீவையும் ஒரு தோட்டத்தையுமே. 2004-ஆம் ஆண்டு டிசம்பர் 26-ஆம் நாள் எழுந்த ஆழிப்பேரலை கச்சாலைக் கடுமையாகத் தாக்கிற்று. நிக்கோபாரியர் ஊர்களும் தொழிலாளர் குடியிருப்புகளும் ஒருங்கே துயருற்றன. ஆயிரக்கணக்கானோர் மாண்டனர், அல்லது காணாமற்போயினர். இறந்தவருக்கு நினைவுக்கல் எழுப்பலாம். ஆனால் மூன்று கரைகளின் கதையைத் தம் நெஞ்சில் சுமந்திருந்த முதியவர்கள் போனபின் அக்கதையை யார் சொல்வது?

2011-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி தீவுகளின் மக்கள் தொகை 3,80,000-க்குச் சற்று மிகுதி. நூற்றுக்கு 28 பேர் வங்காளம் பேசுவோர், 19 பேர் இந்தி பேசுவோர், 15 பேர் தமிழ் பேசுவோர், 13 பேர் தெலுங்கு பேசுவோர். தமிழ்வழியிற் பயிலும் அரசுப் பள்ளிகள் அங்கே உண்டு. பங்குனி உத்திர நாளில் வெற்றிமலை முருகன் கோயிலுக்குக் காவடிகள் செல்லும். ஆயினும் கடைத்தெருவில் தமிழன் மலையாளியோடும் வங்காளியோடும் பேசுவது அந்தப் பழைய கைதிகள் சமைத்துத் தந்த இந்துஸ்தானியிலேதான். விலங்கு பூட்டிய கால்களோடு வந்தவர்கள் விட்டுச்சென்ற சொத்து அம்மொழி. அதனை இன்று எல்லாரும் கூலியின்றிப் பயன்படுத்துகின்றனர்.

நினைவு என்பது அங்கே வெறும் உணர்ச்சிப் பொருளாக நிற்கவில்லை. உரிமையும் அதனோடு பிணைந்து கிடக்கிறது. எந்த ஆண்டில் வந்தாய் என்னும் கேள்விக்கு விடை சொல்ல இயன்றவர்க்கே பல வாயில்கள் திறக்கும். போருக்கு முன் வந்த சமூகத்தாரும், குடியேற்றப்பட்ட வங்காள அகதிகளும் பிற்பட்ட வகுப்பினர் பட்டியலில் இடம்பெற்றனர். ஆனால் சோட்டா நாகபுரியில் பழங்குடியாக ஏற்கப்பட்ட உராவ்ன் குடும்பம், கடல் கடந்த காரணத்தால் தீவில் அத்தகுதியைப் பெறவில்லை. கூலிக்கு வந்த தமிழனும் தெலுங்கனும் தாம் என்று வந்தோம் என்பதற்கு ஏடு வைத்துக்கொள்ளவில்லை. ஏடு வைத்திருந்தவன் வரலாறு உடையவன் ஆனான். உழைப்பை மட்டும் வைத்திருந்தவன் வரலாறு அற்றவன் ஆனான்.

அண்மைக் காலத்தில் பெயர்களும் மாறி வருகின்றன. 2018-ஆம் ஆண்டில் ராஸ் தீவு நேதாஜி சுபாஷ் சந்திர போஸ் தீவாயிற்று. நீல் தீவு ஷாஹீத் தீவாகவும், ஹேவ்லாக் தீவு ஸ்வராஜ் தீவாகவும் பெயர் பெற்றன. அயலாட்சியாளர் பெயரை நீக்குவதில் வருந்துதற்கு ஒன்றுமில்லை. ஆனால் பெருவீரர் பெயரை இடும்போது, ஆங்கில அதிகாரியின் பெயரையும் தன் நாவால் மாற்றி இருநூறு குடும்பம் வாழும் ஊராக்கிய எளியவனை மறந்துவிடாதிருத்தல் வேண்டும். பெருஞ்சிறையின் கதையே நமக்கு ஒரு பாடம். அதன் ஏழு கைகளுள் இன்று நிற்பவை மூன்றே. 1941-ஆம் ஆண்டு நிலநடுக்கத்தாலும், போராலும், பின்னர் மருத்துவமனைக்காக இடிக்கப்பட்டமையாலும் மற்றவை மறைந்தன. அங்கே சிறையிருந்த விடுதலை வீரர்கள் எழுந்து முறையிட்டிராவிட்டால் எஞ்சியவையும் போயிருக்கும். அவர்கள் முயற்சியால் அது 1979-ஆம் ஆண்டில் தேசிய நினைவுச் சின்னமாயிற்று. கல்லும் சுண்ணாம்பும் கூடக் கேட்பார் இருந்தால்தான் நிலைக்கும் என்றால், வாய்மொழி எம்மாத்திரம்?

வேற்று மாநிலங்களில் வாழும் தமிழர்கள் இக்கதையில் தம் முகத்தைக் காணலாம். தாராவியில் தோல் பதனிட்டவர், பெங்களூர்த் தண்டுப் பகுதியில் கட்டட வேலை செய்தவர், கோலார்ச் சுரங்கத்தில் இறங்கியவர், தில்லியில் வீட்டு வேலை செய்தவர் ஆகியோரின் பேரப்பிள்ளைகளுக்கு, முதலில் வந்தவர் யார், எந்த ஆண்டில் வந்தார், எதற்காக வந்தார் என்பவை தெரியுமா? 'பஞ்சத்தில் வந்தோம்' என்று ஒரு சொல்லில் முடித்துவிடுகிறோம். எந்தப் பஞ்சம், எந்த இரயில், யார் வீட்டுத் திண்ணையில் முதல் இரவு படுத்தீர்கள், முதல் கூலி எவ்வளவு, அண்டை வீட்டார் எம்மொழியினர், அவர்களிடம் என்ன கற்றீர்கள் என்று கேட்டால் வரலாறு வெளிப்படும். பழைய கூலிச் சீட்டும், குடும்ப அட்டையும், கடிதமும், திருமண அழைப்பும் குப்பைக்குரியவை அல்ல. அவற்றைப் பேழையில் வைத்துக் காத்தல் வேண்டும்.

அவ்வாறு எழுதும்போது இரண்டினை மறவாதிருப்போமாக. நம் பாட்டனார் செய்த தவற்றையும் பட்ட இழிவையும் மறைக்க வேண்டுவதில்லை. அந்தமானில் மௌனம் காத்த குடும்பங்கள் மானத்தைக் காப்பதாக எண்ணித் தம் முன்னோரின் பெயரையே இழந்தன. நமக்கு முன்னரே அந்நிலத்தில் இருந்தவரையும், நமக்குப் பக்கத்தில் நின்று சுமை தூக்கியவரையும் விட்டுவிட்டு நம் கதையை மட்டும் எழுதுதலும் ஆகாது. மாப்பிள்ளை ஊரும் கரேன் ஊரும் வங்காளி ஊரும் இன்றித் தீவில் வாழும் தமிழனின் கதை முழுமை பெறாது. அவன் கதை இன்றி அவர்கள் கதையும் முழுமை பெறாது.

இவ்வாரம், உங்கள் இல்லத்திலோ தெருவிலோ உள்ள மூத்தவர் ஒருவர் அருகில் சென்று அமருங்கள். அவர் எந்த ஊரிலிருந்து, எந்த ஆண்டில், யாருடன் வந்தார் என்று கேட்டு ஒரு தாளில் எழுதி, நாளும் குறித்து வையுங்கள். போர்ட் பிளேரில் வந்திறங்கிய அந்த இருநூற்றுவரின் வீட்டாரிடம் அத்தகைய ஒரு தாள் இருந்திருந்தால், இன்று எத்தனையோ குடும்பங்கள் தம் பாட்டனின் பெயரைச் சொல்லி விளக்கேற்றியிருக்கும்.